இரண்டு சூரியனுக்கு ஒரு பெட்டி ஐஸ்

மகள்,

நீ கொழும்பு பஸ் ஏறி இன்றைக்கு நாலாவது நாள். கடற்றொழிலாளர் சங்கம் தங்கள் ஆண்டு மலருக்கு என்னிடம் ஒரு கட்டுரை கேட்டிருந்தது உனக்குத் தெரியும். "ஐஸ் பெக்டரியில முப்பது வருசம் நிண்ட ஆள் நீங்கள். மீன் பழுதாகாமல் வைக்கிறது எப்பிடியெண்டு ரெண்டு பக்கம் எழுதித் தாங்கோ" என்றார் செயலாளர். ஓம் என்று சொல்லிவிட்டு வந்து கொப்பியைத் திறந்தேன். மீனைப் பற்றி ஒரு வரியும் வரவில்லை. உன்னைப் பற்றித்தான் வந்தது. ஆகையால் இது உனக்கு எழுதுகிற கடிதம், ஊரும் வாசிக்கட்டும். ஊர் வாசிக்கத்தான் வேண்டும், ஏனென்றால் உன்னைப் பற்றி ஒரு பொய்யை நான் நாலு பேர் முன்னால் சொல்லியிருக்கிறேன். வீட்டுக்குள் சொன்னதை வீட்டுக்குள் திருத்தலாம். சபையில் சொன்னதைச் சபையில்தான் திருத்த வேண்டும்.

வாசிக்கிறவர்களுக்கு முதலில் நீ யார் என்று சொல்ல வேண்டும். நீ எங்களுக்கு ஒரே பிள்ளை. முப்பத்தொரு வயது. பௌதிகம் படித்து, பிறகு வெளிநாட்டில் ஒரு பல்கலைக்கழகத்தில் ஆராய்ச்சிக்குப் போனாய். என்ன ஆராய்ச்சி என்று எங்களுக்கு விளங்க இரண்டு வருடம் எடுத்தது. முதல் விடுமுறையில் வந்தபோது சாப்பாட்டு மேசையில் சம்பல் கோப்பையையும் பருப்புக் கோப்பையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தாய். "இது ரெண்டும் ரெண்டு சூரியன். ஒண்டை ஒண்டு சுத்துது. மூண்டு கிழமையில ஒருக்கா முழுச் சுற்று வரும்" என்றாய். பிறகு ஒரு பச்சை மிளகாயை எடுத்து இரண்டு கோப்பைகளையும் சேர்த்து ஒரு வட்டம் போட்டாய். "இது கிரகம். இதை எனக்கு முந்தியே ஆக்கள் கண்டுபிடிச்சிட்டினம். இதுக்கு அங்கால இன்னொண்டு இருக்கெண்டு நான் சொல்லுறன். ஒருத்தரும் நம்பேல்ல." அம்மா கையில் அகப்பையோடு நின்று கேட்டாள்: "ரெண்டு சூரியனெண்டா அங்க உடுப்பு கெதியாக் காயுமே?" நீ வயிறு நோகச் சிரித்தாய். "அங்க கொடி கட்ட நிலமே இல்லையம்மா. அது முழுக்க வாயு." உன் அம்மா அன்றைக்கு விட்டுக் கொடுக்கவில்லை. "பிறகு ஏன் அதைத் தேடுறாய்?" என்று கேட்டாள். "இருக்கிறபடியால்" என்றாய். அந்தப் பதிலை நான் அப்போது திமிர் என்று நினைத்தனான். இப்போது அதைவிட நேர்மையான பதில் எனக்குத் தெரியாது.

அந்தக் கிரகத்தை யாரும் கண்ணால் பார்ப்பதில்லை, எந்தப் பெரிய தொலைநோக்கியாலும் பார்ப்பதில்லை. அந்த இரண்டு சூரியன்களும் இவ்வளவு தூரத்தில் இருந்து எங்களுக்கு ஒரே புள்ளிதான். கிரகம் அதற்குக் குறுக்கே போனால் அந்தப் புள்ளியின் வெளிச்சம் கொஞ்சம் குறையும், நூறு பங்கில் ஒரு பங்கு அளவுக்கு. அதை வெளிச்சத்தின் கோட்டில் விழுகிற பள்ளம் என்று நீ சொல்வாய். ஆனால் இரண்டு சூரியன்களும் ஒன்றை ஒன்று மறைக்கிறபோது அதைவிடப் பெரிய பள்ளங்கள் விழும். அந்தப் பெரிய பள்ளங்களுக்கு நடுவே இந்தச் சின்னப் பள்ளத்தைத் தேட வேண்டும். பழைய பதிவுகளில் இரண்டே இரண்டு இடத்தில் நீ அதைக் கண்டாய். உன்னுடைய பேராசிரியர் அது கருவியின் பிழை என்றார். நீ இல்லை என்றாய்.

இனி நான் சொன்ன பொய்யைச் சொல்கிறேன். மூன்று வருடத்துக்கு முன்னால், நீ விடுமுறையில் வந்து நின்றபோது, உன்னைப் பெண் பார்க்க ஒரு குடும்பம் வந்தது. நல்ல குடும்பம், அதைப் பிழை சொல்ல மாட்டேன். பெடியனின் தகப்பன் முன் கதிரையில் இருந்து, "மகள் என்ன வேலை?" என்று கேட்டார். என் வாயில் கிரகம் என்ற சொல் வரவில்லை. கிரகம் என்றால் அவர்கள் சாதகம் என்று நினைத்துக் கொள்வார்கள் என்று ஒரு சாக்கை மனதுக்குள் சொல்லிக்கொண்டேன். உண்மை அதுவல்ல, எனக்கு வெட்கமாக இருந்தது. இருபத்தெட்டு வயதில் வானத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிற பிள்ளை என்று சொல்ல வெட்கம். "வங்கியில, கொம்பியூட்டர் பகுதியில" என்றேன். நீ தேத்தண்ணித் தட்டோடு குசினி வாசலில் நின்றாய். தட்டை மேசையில் வைத்துவிட்டு, குரலைக்கூட உயர்த்தாமல் சொன்னாய்: "அப்பா மாறிச் சொல்லிப்போட்டார். நான் வங்கியில இல்லை. ரெண்டு சூரியனைச் சுத்துற ஒரு கிரகத்தைத் தேடிக்கொண்டு இருக்கிறன்." அவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். தேத்தண்ணியைக் குடித்தார்கள். பிறகு ஒரு சேதியும் வரவில்லை. நான் உன்னோடு ஒரு கிழமை கதைக்கவில்லை. ஒரு தகப்பனை அவன் பிள்ளை ஊர் முன்னால் பொய்யனாக்கலாமா என்று அம்மாவிடம் கத்தினேன். அவள் சொன்னாள்: "அவள் ஆக்கேல்ல. நீங்கள்தான் ஆகினனீங்கள்."

மகள், இதில் உனக்குச் சொல்ல ஒன்று இருக்கிறது. உன்னைக் கட்டப்போகிறவன் எங்கிருந்தாவது வரட்டும், எந்த மொழியையும் பேசட்டும், எனக்கு ஒரு நிபந்தனையும் இல்லை. ஆனால் உன் வேலையைச் சுருக்கிச் சொல்லித்தான் அவன் வீட்டுக்குள் நீ நுழைய வேண்டுமென்றால், அந்த வீட்டு வாசலோடு திரும்பி வா. சுருக்கிச் சொன்னவன் நானாக இருந்தாலும் அப்படித்தான். அன்றைக்கு நீ செய்தது சரி.

இரண்டாவது பிழை இதைவிடப் பெரியது. இதை நான் உன்னிடம் இன்றுவரை சொல்லவில்லை. போன வருடம் ஐப்பசியில், அந்தக் கிரகம் குறுக்கே போகப்போகிற நாளை நீ கணக்கிட்டுச் சொன்னாய். மூன்று நாட்டில் தொலைநோக்கிகளைத் திருப்பி வைத்துப் பார்த்தார்கள். இரண்டு இரவு தொடர்ந்து பார்த்தார்கள். கோடு நேராகவே போனது. ஒன்றும் குறுக்கே வரவில்லை. நீ போன் எடுத்து அழுதாய். "எல்லாம் முடிஞ்சுது அப்பா. நான் சொன்னது பிழை." நான் என்ன சொன்னேன்? "போதும் மகள், விட்டுட்டு வா. இங்க வந்து படிப்பிக்கலாம்." அது ஆறுதல் போலத்தான் இருந்தது. ஆனால் அதைச் சொல்லும்போது எனக்குள்ளே ஒரு சந்தோசம் இருந்தது. பிள்ளை தோற்றுப்போனாள், ஆகவே வீட்டுக்கு வரப்போகிறாள் என்ற சந்தோசம். பெற்றவனுக்கு இப்படியும் ஒரு சந்தோசம் வரும் என்பதை எழுதவே கை கூசுகிறது. அம்மா போனைப் பறித்து எடுத்தாள். "அழுது முடி. முடிச்சிட்டு முதல்ல இருந்து கணக்கைப் பார். பிழை எங்கயெண்டு தெரியாமல் பிழையெண்டு சொல்லாதே" என்றாள். பத்தாம் வகுப்போடு பள்ளிக்கூடம் விட்ட பெண் அவள்.

நீ முதலில் இருந்து பார்த்தாய். ஐந்து மாதம் எடுத்தது. பங்குனியில் ஒரு பின்னேரம் போனில் வந்து, மூச்சு விடாமல் கதைத்தாய். ஒரு சூரியனைச் சுற்றுகிற கிரகம் பஸ் மாதிரி நேரத்துக்கு வரும். இரண்டு சூரியனைச் சுற்றுகிற கிரகம் அப்படி வராது, ஏனென்றால் அது கடக்க வேண்டிய சூரியனே ஒரு இடத்தில் நிற்பதில்லை. அதை நீ ஏற்கெனவே கணக்கில் எடுத்திருந்தாய். பிழையாக எடுத்தது உள்ளே சுற்றுகிற மற்றக் கிரகத்தின் பாரத்தை. அது எல்லோரும் நினைத்ததைவிட இலேசானது. அதைத் திருத்தினால், ஐப்பசியில் எல்லோரும் பார்க்கத் தொடங்குவதற்கு இரண்டு நாள் முந்தியே உன் கிரகம் கடந்து போயிருக்க வேண்டும். "நான் பிழையில்லை அப்பா. பிந்திப் பார்த்திட்டம்."

அதை நிரூபிக்க ஒரே ஒரு சந்தர்ப்பம்தான் இருந்தது. ஒன்பது மாதத்துக்கு ஒரு தடவை வருகிற கிரகம் ஆடியில் திரும்ப வரும். அதற்குப் பிறகு அதன் பாதை மெல்லச் சரிந்து, எங்கள் பார்வைக்குச் சூரியன்களின் குறுக்கே வராமல் மேலால் போய்விடும், இருபத்தைந்து வருடத்துக்கு. அந்த ஆடி இரவும் சாதாரணமாக வாய்க்கவில்லை. அந்த நேரம் மேற்கு நாடுகளில் பகல். இந்தியாவில் மழைமேகம். தெற்கே போனால் அந்த நட்சத்திரம் அடிவானத்தை விட்டு அவ்வளவாக எழும்பாது. உலகப் படத்தில் ஒவ்வொரு இடமாக வெட்டிக்கொண்டு வந்தால் மிச்சமாய் நின்ற இடங்களில் ஒன்று, ஆடி மாதத்தில் வறண்ட கச்சான் காற்று அடித்து வானம் வெளித்துக் கிடக்கிற எங்கள் திருகோணமலைக் கரை. நீ பேராசிரியரிடம் போய், "எங்கட ஊரில அந்த மாதம் மழை பெய்யாது" என்று சொன்னாயாம். அவர் நம்பாமல்தான் தொலைநோக்கியைத் தந்தார். மூன்று பெட்டியோடு வந்து இறங்கினாய்.

எங்கள் வீட்டு மொட்டை மாடி சரிவரவில்லை. துறைமுகத்து வெளிச்சம் வானத்தை மஞ்சளாக்கி வைத்திருந்தது. ஐஸ் ஏற்றுகிற சின்ன லொறியை முதலாளியிடம் கேட்டு வாங்கி, பெட்டிகளை ஏற்றிக்கொண்டு கரையோர றோட்டால் அம்மாவும் நீயும் நானும் குச்சவெளிக்குப் போனோம். அங்கே காசிம் நானா இருபது வருடமாக என்னிடம் ஐஸ் எடுக்கிறவர். கடற்கரையில் அவர் வலைகளும் இயந்திரங்களும் வைத்திருக்கிற வாடிக்குப் பக்கத்தில் இடம் தந்தார். "எவ்வளவு நாளைக்கு வேணும், மகள்?" என்று உன்னிடம் கேட்டார். "நாலு இரவு, நானா. மூண்டு இரவு பழக, ஒரு இரவு வேலைக்கு." "என்ன பிடிக்கப் போறீங்க?" நீ சொன்னாய். அவர் தாடியைத் தடவிக்கொண்டு யோசித்தார். "அப்ப வெளிச்சம் இருக்கக் கூடாதே. எங்கட போட்டுகளை அண்டைக்கு வடக்கால போகச் சொல்லுறன்." ஊருக்குள்ளேயும் சொல்லியிருக்கிறார். நாலாம் இரவு அந்தக் கரையில் ஒரு பல்ப் எரியவில்லை.

ஆனால் மூன்றாம் இரவே வேலை கெட்டது. தொலைநோக்கியில் பூட்டியிருந்த கமெராவைக் குளிராக வைத்திருக்கிற விசிறி, உப்புக்காற்றுப் பட்டு நின்றுவிட்டது. நீ மணலில் குந்திவிட்டாய். "கமெரா சூடானால் படம் முழுக்கப் புள்ளி விழும் அப்பா. அந்தச் சின்னப் பள்ளம் அதுக்குள்ள காணாமல் போயிடும்." நான் கேட்டேன், "தண்ணியாலே குளிராக்க ஏலாதோ?" "பின்னால ரெண்டு துவாரம் இருக்கு, குழாய் கொழுவ. ஆனால் அதுக்குரிய மெஷின் என்னட்ட இல்லை." மகள், உன் வாழ்க்கையில் நான் ஒரு நாளும் உனக்குத் தெரியாத ஒன்றைச் சொல்லித் தந்ததில்லை. உன் கணக்கில் ஒரு வரி எனக்குத் தெரியாது. ஆனால் சூட்டை ஒரு இடத்தில் இருந்து எடுத்து இன்னொரு இடத்தில் விடுகிற வேலையை முப்பது வருடம் செய்திருக்கிறேன். "எனக்கு நாளைக்குப் பின்னேரம் வரைக்கும் நேரம் தா" என்றேன்.

அடுத்த நாள் மீன் பெட்டி ஒன்றை எடுத்துக் கழுவி, மீன் தொட்டிக்குப் போடுகிற சின்னப் பம்பு ஒன்றைச் சந்தையில் வாங்கி, இரண்டு மெல்லிய குழாய் கொழுவி, லொறி பற்றறியில் ஓடவிட்டேன். நீ ஐஸ் கட்டியை அப்படியே பெட்டிக்குள் போடச் சொன்னாய். நான் வேண்டாம் என்றேன். தண்ணீர் கட்டுமட்டு இல்லாமல் குளிர்ந்தால் குழாய் வேர்க்கும், வேர்வை கமெராவுக்குள் இறங்கினால் எல்லாம் நாசம். குழாய்க்கு ரப்பர் சுற்றி, தண்ணீருக்குள் வெப்பமானியைத் தொங்கவிட்டு, உடைத்த ஐஸைப் பிடி பிடியாகப் போட்டேன். நீ திரையைப் பார்த்துக்கொண்டு, "சரி அப்பா, இறங்குது... நிப்பாட்டுங்கோ... இப்ப சரி" என்றாய். புள்ளிகள் போய்ப் படம் துடைத்தது போல வந்தது. நீ என்னைத் திரும்பிப் பார்த்த பார்வைக்கு நான் அந்த முப்பது வருடத்தையும் இன்னொரு தடவை நின்று வேலை செய்வேன்.

பொழுதுபட்டு வானம் இருண்டதும் தொடங்கினோம். கிரகம் பத்து மணிக்கு வரும், முன்னே பின்னே இரண்டு மணித்தியாலம் பிழைக்கலாம் என்று நீ சொல்லியிருந்தாய். எட்டுக்கும் வரவில்லை, பத்துக்கும் வரவில்லை. கோடு நேராக ஓடியது. பதினொன்று ஆனது. நீ நகத்தைக் கடித்துக்கொண்டிருந்தாய். அம்மா செபமாலை உருட்டுவது போல வெறுங்கையை உருட்டிக்கொண்டு லொறிக்குள் இருந்தாள். எனக்கு நாக்கு நுனி வரைக்கும் வந்தது: "பரவாயில்லை மகள், சாமானைக் கட்டுவம்." அதே சொல், ஐப்பசியில் சொன்ன அதே சொல். வாயை மூடினேன். "ஐஸ் போடட்டா?" என்று கேட்டேன். "ஒரு பிடி போடுங்கோ" என்றாய். போட்டேன். கால் மணித்தியாலம் போனது. "இன்னும் ஒரு பிடி."

பன்னிரண்டுக்குப் பத்து நிமிடம் இருக்கும்போது நீ கையை உயர்த்தினாய். திரையில் ஒரு புள்ளி கீழே விழுந்திருந்தது. அடுத்ததும் கீழே. "ஒண்டு ரெண்டை நம்பக்கூடாது" என்று நீ உனக்கே சொன்னாய். பிறகு மூன்று, நாலு, ஏழு. கோடு படி இறங்குவது போல இறங்கியது. நீ வாயைப் பொத்திக்கொண்டாய். நான் அம்மாவைக் கூப்பிட்டேன். மூன்று பேரும் அந்தச் சின்னத் திரைக்கு முன்னால் தலையோடு தலை முட்டிக்கொண்டு நின்றோம். இரண்டு சூரியன்களில் ஒன்றின் முகத்துக்குக் குறுக்கே, உலகத்தில் ஒருத்தரும் நம்பாத உன் கிரகம் போய்க்கொண்டிருந்தது.

ஆனால் இறங்கினது போதாது, ஏறவும் வேண்டும் என்றாய். விடியுமுன் அது கடந்து முடிந்து கோடு பழைய இடத்துக்கு வந்தால்தான் முழுச் சாட்சி. நட்சத்திரம் மேற்கே சரிந்துகொண்டு போனது. பெட்டியில் ஐஸ் குறைந்துகொண்டு போனது. நாலரைக்குக் கடைசிப் பிடியைப் போட்டேன். அப்போது கோடு மெல்ல நிமிர்ந்தது. ஒவ்வொரு புள்ளியாக ஏறியது. கடற்பக்கம் வெளுக்கத் தொடங்கியபோது அது புறப்பட்ட உயரத்தில் வந்து நின்றது. நீ எழும்பி, செருப்பும் இல்லாமல், கடலுக்குள் முழங்கால் ஆழத்துக்கு ஓடிப் போய் நின்று கத்தினாய். என்ன கத்தினாய் என்று எனக்குக் கேட்கவில்லை. நானும் கத்தினேன். அம்மா கத்தினாள். வடக்கே போயிருந்த போட்டுகள் அந்த வெளிச்சத்தில் கரைக்கு வந்துகொண்டிருந்தன. முதல் போட்டின் முன் அணியத்தில் இருந்து காசிம் நானா கையை வாயில் குவித்துக் கேட்டார்: "கிடைச்சிட்டா?" நீ தண்ணீருக்குள் நின்றுகொண்டு இரண்டு கையையும் தூக்கினாய். "கிடைச்சிட்டு நானா! முழுசாக் கிடைச்சிட்டு!" போட்டுக்காரர் எல்லோரும் கூவினார்கள். என்ன கிடைத்தது என்று பாதிப் பேருக்குத் தெரியாது. கடலுக்குப் போன ஒருத்தி வெறுங்கையோடு வரவில்லை என்று மட்டும் அவர்களுக்குத் தெரிந்தது. பெரிய பாரைமீன் ஒன்றைத் தூக்கி லொறிக்குள் போட்டுவிட்டு, பணம் வேண்டாம் என்று சொல்லிவிட்டுப் போனார் நானா.

அதற்குப் பிறகு நடந்ததை ஊர் கொஞ்சம் அறியும். மூன்று மாதம் அந்தப் பள்ளத்தை ஆள் மாறி ஆள் சோதித்தார்கள். கருவியின் பிழையா, மேகமா, வேறு நட்சத்திரத்தின் வெளிச்சமா என்று எல்லாக் கேள்வியும் கேட்டார்கள். எல்லாவற்றுக்கும் நீ பதில் சொன்னாய். அந்த இரண்டு சூரியன்களுக்கும் இரண்டாவது கிரகம் இருக்கிறது என்று இப்போது எழுத்தில் இருக்கிறது. எழுதியவர்களில் உன் பெயர்தான் முதல். பிழை என்று சொன்ன பேராசிரியர் உனக்கு எழுதிய கடிதத்தை நீ எங்களுக்கு மொழிபெயர்த்து வாசித்தாய். "நான் பிழை, நீ சரி" என்று அதில் ஒரு வரி இருந்தது. பெரிய மனிதர் அவர். அந்த வரியை எழுத எவ்வளவு நெஞ்சு வேண்டும் என்று, இந்தக் கடிதத்தை எழுதும்போது எனக்கு விளங்குகிறது.

இப்போது தென் அமெரிக்காவில் மலை உச்சியில் இருக்கிற பெரிய தொலைநோக்கியில் உனக்கு நாலு வருட வேலை கிடைத்திருக்கிறது. பஸ் நிலையத்தில் நின்று கேட்டாய்: "அப்பா, உங்கட முழங்கால், அம்மான்ர சீனி வருத்தம்... நான் போகட்டா, நிக்கட்டா?" நான், "தண்ணிப் போத்தல் எடுத்தனியா?" என்று கேட்டேன். பஸ் வெளிக்கிட்டது.

இப்போது சொல்கிறேன். போ. எங்கள் வருத்தங்களுக்கு மருந்து இருக்கிறது, ஆஸ்பத்திரி பக்கத்தில், அயலில் ஆட்கள் இருக்கிறார்கள். நீ இங்கே நின்றால் எங்களுக்குப் பக்கத்தில் ஒரு பிள்ளை இருக்கும். ஆனால் அது நீயாக இருக்காது. அங்கே கணக்குப் பிழைத்துப் போகிற நாட்கள் வரும். அப்போது எனக்குப் போன் எடு. விட்டுட்டு வா என்று இனி ஒரு நாளும் சொல்ல மாட்டேன். பிழை எங்கே என்று கேட்பேன், நீ சொல்லுமட்டும் காத்திருப்பேன்.

நேற்று காசிம் நானா ஐஸ் எடுக்க வந்தார். அந்தக் கிரகம் இனி எப்போது கடக்கும் என்று கேட்டார். இருபத்தைந்து வருடம் செல்லும் என்றேன். விரல் விட்டு எண்ணிப் பார்த்துவிட்டு, "நாம ரெண்டு பேரும் இருக்க மாட்டமே" என்றார். ஓம், இருக்க மாட்டோம் என்றேன். உனக்கு அப்போது ஐம்பத்தாறு வயது. எந்த நாட்டில், எந்த மலையில் நின்று பார்ப்பாயோ தெரியாது. "அப்ப அது வருமெண்டு உங்களுக்கு எப்பிடித் தெரியும்?" என்று கேட்டார் நானா. நான் ஐஸ் கட்டியை அவர் பெட்டிக்குள் தள்ளிவிட்டு, அங்கே வரிசையில் நின்ற அவ்வளவு பேருக்கும் கேட்கச் சொன்னேன்:

"என்ர மகள் கணக்குப் பார்த்திருக்கிறாள். வரும்."

அப்பா